ஆய்வறிக்கையைக் காட்டாமல் இடங்களைக் குறைக்கலாமா?

கல்லூரிகளுக்கும் அவை இணைந்திருக்கும் பல்கலைக்கழகங்களுக்கும் இடையே எழும் சிக்கல்கள் குறித்துச் சில கடிதங்கள் ஒருசேர வந்திருக்கின்றன. எழுதியவர்களின் பெயரையும் ஊரையும் நீக்கிவிட்டு, இம்முறை அவற்றுக்கு மட்டும் பதில் தருகிறேன்.

ஒரு சுயநிதிக் கலை அறிவியல் கல்லூரியின் செயலர்: எங்கள் கல்லூரிக்குப் பல்கலைக்கழக ஆய்வுக் குழு வந்து பார்த்துவிட்டுச் சென்றது. சில வாரங்கள் கழித்து, வசதிக் குறைபாடுகள் காரணமாக இரண்டு பாடப்பிரிவுகளில் சேர்க்கை இடங்களைப் பாதியாகக் குறைக்கப் பல்கலைக்கழகத்தின் ஆட்சிக்குழுவான சிண்டிகேட் முடிவு செய்துள்ளதாகப் பதிவாளரிடமிருந்து கடிதம் வந்தது. என்ன குறை என்பது கடிதத்தில் இல்லை. ஆய்வறிக்கையின் நகலும் கிடைக்கவில்லை. நேரில் போய்க் கேட்டால், இது கல்வித் தரம் சார்ந்த நிர்வாக முடிவு, இதற்கு முன்கூட்டியே விளக்கம் கேட்க வேண்டிய கட்டாயம் இல்லை என்கிறார்கள். இது சரிதானா, ஐயா?

சரியன்று. நிர்வாக முடிவு என்று சொல்லிவிட்டால் இயற்கை நீதிக்கு, அதாவது பாதிக்கப்படுபவரைக் கேட்டு, ஒருதலைச் சார்பின்றி முடிவெடுக்க வேண்டும் என்ற கோட்பாட்டுக்கு, அங்கே வேலையில்லை என்ற எண்ணம் நம் அலுவலகங்களில் இன்னும் நீடிக்கிறது. சட்டமோ அந்த இடத்தைக் கடந்து அரை நூற்றாண்டுக்கு மேலாகிறது. ஒடிசா அரசின் மருத்துவப் பணியில் இருந்த பீனாபாணி தேயி என்ற மருத்துவரின் பிறந்த தேதியை அரசே மாற்றி நிர்ணயித்து, அவரைக் கட்டாய ஓய்வில் அனுப்பியது. அந்த வழக்கில், ஒருவருடைய உரிமையையும் நலனையும் பாதிக்கும் ஆணை நிர்வாக ஆணையாகவே இருந்தாலும் இயற்கை நீதிக்கு உட்பட்டுத்தான் பிறப்பிக்கப்பட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1967-லேயே கூறியது. விசாரணை அதிகாரியின் அறிக்கை அந்த மருத்துவருக்குக் காட்டப்படவே இல்லை என்பது அங்கே நீதிமன்றம் சுட்டிக்காட்டிய குறைகளில் ஒன்று. தங்கள் கடிதத்தைப் படித்ததும் எனக்கு முதலில் நினைவுக்கு வந்தது அதுதான்.

பல்கலைக்கழகங்களுக்கு இந்தக் கோட்பாடு புதிதும் அன்று. ரிச்சர்ட் பென்ட்லி என்ற அறிஞரின் பட்டங்களைக் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் 1718-ல் அவரை விசாரிக்காமலேயே பறித்தது. அவற்றைத் திருப்பித் தரும்படி 1723-ல் இங்கிலாந்தின் நீதிமன்றம் ஆணையிட்டது. ஆதாமின் பிழையை அறிந்திருந்த கடவுளே, அவனை அழைத்துக் கேட்ட பிறகுதான் தண்டனை விதித்தார் என்று அவ்வழக்கில் ஒரு நீதிபதி சொன்னது சட்ட வகுப்புகளில் இன்றும் கற்பிக்கப்படுகிறது. இயற்கை நீதியைப் பற்றிய மிகப் பழைய தீர்ப்புகளில் ஒன்று, ஒரு பல்கலைக்கழகத்துக்கு எதிராக வந்தது என்பதை நம் பல்கலைக்கழக நிர்வாகிகள் நினைவில் வைத்திருக்க வேண்டும்.

இனி, கல்வித் தரம் என்ற வாதத்துக்கு வருவோம். தரத்தை மதிப்பிடுவது பல்கலைக்கழகத்தின் வேலை, அதில் நீதிமன்றங்கள் எளிதில் தலையிடுவதில்லை என்பது உண்மையே. ஆனால் ஓர் ஆய்வறிக்கையில் இரண்டு வகைக் கூற்றுகள் கலந்திருக்கின்றன. ஆய்வகத்தில் எத்தனை கருவிகள் இருந்தன, துறையில் எத்தனை நிரந்தர ஆசிரியர்கள் பணியில் இருந்தார்கள், அவர்களில் எத்தனை பேர் உரிய தகுதி பெற்றவர்கள் என்பவை நடப்பைப் பற்றிய கூற்றுகள். இவ்வளவு கருவிகளும் ஆசிரியர்களும் இந்தப் பாடத்துக்கு இத்தனை மாணவர்களை வைத்து நடத்தப் போதுமா என்பது மதிப்பீடு. நீதிமன்றம் விட்டுக்கொடுப்பது இரண்டாவதில்தான். முதல் வகைக் கூற்றுகளில் தவறு நேர்ந்திருந்தால், அதைச் சொல்லத் தெரிந்தவர் கல்லூரியைத் தவிர வேறு யாரும் இல்லை. ஆய்வு நடந்த அன்று மகப்பேறு விடுப்பில் இருந்த பேராசிரியரைக் குழு ஆள் இல்லை என்று எழுதிக்கொண்டு போயிருக்கலாம்; வேறு கட்டடத்தில் இருக்கும் ஆய்வகத்தைப் பாராமலே போயிருக்கலாம். அறிக்கையைக் காட்டினால் இவை ஒரு பக்க விளக்கத்தில் தீர்ந்துவிடும். காட்டாவிட்டால், தவறான தகவலின் மேல் சிண்டிகேட்டின் கல்வி மதிப்பீடு எழுப்பப்படும், அந்தத் தவறு பிறகு மதிப்பீட்டின் மரியாதைக்குள் ஒளிந்துகொள்ளும். விளக்கம் கேட்பதைக் கல்லூரிக்குக் காட்டும் சலுகையாகக் கருதுகிறவர்கள் இந்த இடத்தைத்தான் கவனிப்பதில்லை. முடிவு எடுப்பவருக்கே அது தேவைப்படுகிறது.

ஆகவே, இடக்குறைப்பு போன்ற ஒரு முடிவுக்கு முன், குறைகள் இன்னின்னவை என்று தெரிவித்து, அவற்றுக்கு ஆதாரமான அறிக்கையின் நகலைத் தந்து, பதில் எழுதப் போதிய காலம் கொடுத்து, அந்தப் பதிலைச் சிண்டிகேட் முன் வைத்திருக்க வேண்டும். முதலில் ஆய்வறிக்கையின் நகலையும் சிண்டிகேட் தீர்மானத்தின் நகலையும் கேட்டுப் பதிவாளருக்கு எழுதுங்கள். முடிவை மறுபரிசீலனை செய்யவும் அதே கடிதத்தில் கோருங்கள். 2005-ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் 4(1)(டி) பிரிவு, நிர்வாக முடிவுகளால் பாதிக்கப்படுபவர்களுக்கு அவற்றின் காரணங்களைத் தெரிவிக்கும் கடமையைப் பொது அதிகார அமைப்புகளுக்கு விதிக்கிறது, அதையும் குறிப்பிடலாம். அச்சட்டத்தின்கீழ்த் தனியாக மனுச் செய்வதானால் கல்லூரியின் பெயரில் செய்யாமல் குடிமகன் என்ற முறையில் தங்கள் பெயரில் செய்யுங்கள்.

பயனில்லையென்றால் அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆம் பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தை நாடலாம். பல்கலைக்கழகச் சட்டத்தில் மேல்முறையீட்டு வழி இருந்தாலும், இயற்கை நீதி மீறப்பட்டிருக்கும்போது இப்பிரிவின்கீழ்த் தரப்படும் ரிட் மனுவை ஏற்கலாம் என்று வேர்ல்பூல் வழக்கில் 1998-ல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியிருக்கிறது. ஆனால் ஒன்றை முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். இத்தகைய வழக்குகளில் நீதிமன்றம் பெரும்பாலும் ஆணையை ரத்து செய்து, கல்லூரியின் விளக்கத்தைக் கேட்டுப் புதிதாக முடிவெடுக்குமாறு விவகாரத்தைப் பல்கலைக்கழகத்துக்கே திருப்பி அனுப்பும். அறிக்கையில் உள்ள குறைகள் உண்மையாக இருந்தால், வழக்கு நடக்கும் காலத்திலேயே அவற்றைச் சரிசெய்துவிடுங்கள்.

ஒரு கல்லூரி முதல்வர்: "இணைவை ரத்து செய்வதெனச் சிண்டிகேட் முடிவு செய்துள்ளது, அவ்வாறு ஏன் செய்யக்கூடாது என்பதற்கு 7 நாட்களுக்குள் விளக்கம் அளிக்கவும்" என்று எங்களுக்கு அறிவிப்பு வந்திருக்கிறது. முடிவு செய்துவிட்டு விளக்கம் கேட்பதால் என்ன பயன்? நேரில் விசாரணை கேட்கும் உரிமை எங்களுக்கு உண்டா?

அறிவிப்பின் முதல் வாக்கியமே அதன் பலவீனம். குற்றச்சாட்டைச் சொல்லும் கட்டத்திலேயே குற்றம் உறுதியானதுபோல் எழுதுவது மூடிய மனத்தோடு விளக்கம் கேட்பதாகும் என்று, கடல் உணவு ஏற்றுமதி நிறுவனம் ஒன்றின் பதிவு ரத்து தொடர்பான ஓரிக்ஸ் ஃபிஷரீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2010-ல் கண்டித்திருக்கிறது. உங்கள் விளக்கத்தின் தொடக்கத்திலேயே இந்த ஆட்சேபத்தைப் பதிவு செய்யுங்கள், அதோடு நின்றுவிடாதீர்கள். ஆட்சேபத்தை மட்டும் எழுதி, குறைகளைப் பற்றி ஒரு சொல்லும் எழுதாத கல்லூரிகள் பிறகு வருந்துகின்றன. ஒவ்வொரு குறைக்கும் தனித்தனியே, உண்மையா இல்லையா, உண்மையென்றால் எப்போது சரிசெய்யப்பட்டது அல்லது சரிசெய்யப்படும், அதற்கு ஆதாரம் எது என்று பதில் இருக்க வேண்டும். ஆதாரம் என்றால் நியமன ஆணை, சம்பளம் வங்கி வழியாகச் சென்றதற்கான பதிவு, கருவி வாங்கிய ரசீது போன்றவை. நிலைமை விரைவில் மேம்படுத்தப்படும் என்ற வாக்கியம் ஆதாரம் ஆகாது.

ஏழு நாள் போதுமா என்பது கேட்கப்பட்டிருக்கும் விவரங்களைப் பொறுத்தது. போதாதென்றால், காலக்கெடு முடிவதற்கு முன்பே காரணத்தோடு கூடுதல் நாட்கள் கேளுங்கள். நேரடி விசாரணை எல்லா இடத்திலும் கட்டாயம் இல்லை. பல்கலைக்கழகத்தின் சட்டமோ விதிகளோ அதைச் சொல்லாதபோது, எழுத்து விளக்கமே போதும் என்று நீதிமன்றங்கள் ஏற்பதுண்டு. எனினும் நடப்பு பற்றிய கருத்து மோதல் இருந்தால், அது எதில் என்று குறிப்பிட்டு நேரடி விசாரணையைக் கேளுங்கள். கேட்காதவருக்கு மறுக்கப்பட்டதாகப் பிறகு வாதாட முடியாது.

ஒரு துணைக்குழு உங்களை விசாரித்துவிட்டுச் சிண்டிகேட் முடிவெடுப்பதில் தவறில்லை. ஆனால் துணைக்குழுவின் பரிந்துரை மட்டும் போய், உங்கள் விளக்கம் சிண்டிகேட் உறுப்பினர்களின் மேசைக்கே போகவில்லை என்றால், கேட்டவர் ஒருவர், முடிவெடுத்தவர் வேறொருவர் என்றாகிவிடும். ஆந்திரப் பேருந்து வழித்தடங்களை அரசுடைமையாக்கியது தொடர்பான குல்லப்பள்ளி நாகேசுவர ராவ் வழக்கில் 1950-களின் இறுதியிலேயே உச்ச நீதிமன்றம் இந்த முறையைக் குறைகூறியது.

ஓர் இணைப் பேராசிரியர்: எங்கள் கல்லூரியை ஆய்வு செய்த குழுவில், அருகிலேயே அதே பாடங்களை நடத்தும் மற்றொரு கல்லூரியின் நிர்வாகத்தோடு தொடர்புடையவர் ஒருவர் இருந்தார். அறிக்கை எங்களுக்குப் பாதகமாக வந்திருக்கிறது. அவர் வேண்டுமென்றே செய்தார் என்று நிரூபிப்பது எப்படி?

அதை நிரூபிக்க வேண்டியதில்லை. ஒருதலைச் சார்பு இருக்கக்கூடும் என்று நியாயமாக எண்ண இடமிருந்தாலே போதும். 1969-ல் முடிவான கிரைபக் வழக்கு இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. இந்திய வனப் பணிக்கான தேர்வுக் குழுவில் ஜம்மு காஷ்மீரின் பொறுப்பு தலைமை வனப் பாதுகாவலர் பதவி வழியாக உறுப்பினராக இருந்தார். அவரே ஒரு விண்ணப்பதாரரும்கூட. தம் பெயர் பரிசீலிக்கப்பட்டபோது அவர் ஒதுங்கி இருந்தார், போட்டியாளர்களின் பெயர்கள் பரிசீலிக்கப்பட்டபோது கலந்துகொண்டார். அந்தத் தேர்வை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது.

உங்களைப் பொறுத்தவரை கேள்வி வேறு: குழுவின் பெயர்ப்பட்டியல் முன்பே வந்ததா, வந்தபோது ஆட்சேபித்தீர்களா? உறவு இன்னதென்று தெரிந்தும் பேசாமல் இருந்துவிட்டு, அறிக்கை பாதகமாக வந்த பிறகு ஆட்சேபிப்பவருக்கு அந்த உரிமை போய்விடும் என்பது 1957-ஆம் ஆண்டின் மானக் லால் வழக்கிலிருந்து தொடர்ந்து சொல்லப்பட்டு வருகிறது. பிறகுதான் தெரியவந்தது என்றால், தெரிந்த தேதியைக் குறிப்பிட்டு உடனே எழுதுங்கள்.

புதிய கல்லூரி தொடங்க விண்ணப்பித்துள்ள ஓர் அறக்கட்டளை நிர்வாகி: இணைவு மறுக்கப்பட்டால் எங்களுக்கும் இதே உரிமைகள் உண்டா?

ஓரளவுக்கு மட்டும். இருப்பதைப் பறிப்பதற்கும் கேட்டதைத் தராமல் இருப்பதற்கும் சட்டம் வேறுபாடு காட்டுகிறது. புதிய விண்ணப்பதாரர் முழு விசாரணையைக் கோர முடியாது. குறைகளைத் தெரிவித்து நிறைவு செய்ய வாய்ப்பளிப்பதும், மறுப்புக்குக் காரணம் சொல்வதும் எதிர்பார்க்கத்தக்கவை. ஒழுங்குமுறை அமைப்பு அனுமதி தந்துவிட்டதால் பல்கலைக்கழகம் எதுவும் கேட்கக்கூடாது என்று மட்டும் வாதாட வேண்டாம். அகில இந்தியத் தொழில்நுட்பக் கல்விக் குழு விதித்ததைவிட உயர்ந்த தரத்தைப் பல்கலைக்கழகம் இணைவுக்கு விதிக்கலாம் என்று கேரளத்தின் தொழில்நுட்பப் பல்கலைக்கழகம் தொடர்பான வழக்கில் 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. ஆண்டுதோறும் தற்காலிக இணைவைப் புதுப்பித்து வரும் பழைய கல்லூரியின் நிலை வேறு; அதைப் புதிய விண்ணப்பதாரராக நடத்த முடியாது.

ஒரு மாணவியின் தந்தை: என் மகள் எழுதிய தேர்வு மையத்தில் பெருமளவில் காப்பி அடித்ததாகச் சொல்லி, அந்த மையத்தின் தேர்வு முழுவதையும் ரத்து செய்திருக்கிறார்கள். அவளை யாரும் எதுவும் கேட்கவில்லை. கல்லூரியின் இணைவையும் பறிக்கப் போவதாகப் பேச்சு. தவறு செய்யாத பிள்ளைகளுக்கு என்ன வழி?

தங்கள் வேதனை எனக்குப் புரிகிறது. ஆனால் முதல் கேள்விக்குச் சட்டம் தரும் பதில் தங்களுக்கு ஆறுதலாக இராது. ஒரு மாணவரைக் குறிப்பிட்டு, முறைகேடு செய்தார் என்று அவர் தேர்வை ரத்து செய்வதானால் அவரைக் கேட்டே ஆக வேண்டும் என்று 1962-ல் உத்தரப் பிரதேசத் தேர்வு வாரியத்துக்கு எதிரான கன்ஷியாம் தாஸ் குப்தா வழக்கில் தீர்ப்பாயிற்று. ஆனால் ஒரு மையத்தின் தேர்வு முழுவதுமே நம்பத்தகாதது என்று முடிவெடுக்கும்போது, அங்கு எழுதிய ஒவ்வொருவரையும் தனித்தனியே விசாரிக்க வேண்டியதில்லை என்று 1970-ல் பீகார் பள்ளித் தேர்வு வாரிய வழக்கில் கூறப்பட்டது. அங்கே எந்த மாணவர் மீதும் குற்றம் சுமத்தப்படவில்லை, தேர்வுதான் செல்லாது என்று சொல்லப்பட்டது என்பது அதன் அடிப்படை. ஆகவே தங்கள் மகள் மீது தனிப்பட்ட குற்றச்சாட்டோ, அடுத்த தேர்வுக்குத் தடையோ, சான்றிதழில் குறிப்போ இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால், அவளைக் கேட்காமல் அதைச் செய்திருக்க முடியாது. இல்லையென்றால், மறுதேர்வு எப்போது என்பதே முதன்மையான கேள்வி. அதைத் தாமதமின்றி நடத்துமாறு மாணவர்கள் சேர்ந்து எழுதிக் கேட்பதில் பயன் உண்டு.

இணைவு விஷயத்தில், அறிவிப்பு கல்லூரி நிர்வாகத்துக்குத்தான் போகும். மாணவர்களுக்குத் தனியாக அனுப்பும் வழக்கம் இல்லை. இது எனக்கு உடன்பாடானது அன்று. இணைவை இழப்பதால் மூன்று ஆண்டுகளை இழக்கக்கூடியவர்கள் அவர்கள்தாம். நிர்வாகம் தன் தவறை மறைப்பதற்காக அரைகுறையாக விளக்கம் எழுதும்போது, அவர்களுக்காகப் பேச அந்த அறையில் யாரும் இருப்பதில்லை. ஆசிரியர் பயிற்சிக் கல்லூரிகளைப் பொறுத்தவரை 1993-ஆம் ஆண்டின் தேசிய ஆசிரியர் கல்விக் குழுச் சட்டத்தின் 17-ஆம் பிரிவு ஒரு பாதுகாப்பைத் தந்திருக்கிறது: அங்கீகாரத்தைத் திரும்பப் பெறும் ஆணை, அது தெரிவிக்கப்பட்ட தேதிக்கு அடுத்து வரும் கல்வியாண்டின் முடிவிலிருந்தே நடைமுறைக்கு வரும். எல்லாப் பல்கலைக்கழகங்களும் தம் விதிகளில் இதைப் போன்ற ஏற்பாட்டைச் சேர்க்க வேண்டும் என்பதும், மாணவர்களை அருகிலுள்ள வேறு கல்லூரிகளுக்கு மாற்றும் திட்டம் ரத்து ஆணையிலேயே இடம்பெற வேண்டும் என்பதும் என் உறுதியான கருத்து.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இணைவோ அங்கீகாரமோ முதலிலிருந்தே இல்லாத நிறுவனத்தில் சேர்ந்தவர்களைப் பரிவின் பேரில் தேர்வெழுத அனுமதிக்கக் கூடாது என்று தமிழ்நாட்டின் செயின்ட் ஜோசப் ஆசிரியர் பயிற்சி நிறுவன வழக்கில் 1991-ல் உச்ச நீதிமன்றம் கண்டிப்பாகக் கூறிவிட்டது. எனவே கல்லூரியில் சேர்க்கும் முன், அந்தப் பாடப்பிரிவுக்கு அந்த ஆண்டுக்கான இணைவு இருக்கிறதா என்று பல்கலைக்கழகத்திடமே கேட்டுத் தெரிந்துகொள்வது நல்லது. விளம்பரத் தட்டியை நம்ப வேண்டாம்.

ஒரு பல்கலைக்கழகத்தின் இணைவுப் பிரிவில் பணியாற்றும் அலுவலர்: நீங்கள் கல்லூரிகளின் பக்கமே பேசுவதாகத் தோன்றுகிறது. நாங்கள் அறிவிப்பு அனுப்பி, காலம் கொடுத்து, விசாரணை நடத்தி முடிப்பதற்குள் கலந்தாய்வு முடிந்து மாணவர்கள் சேர்ந்துவிடுகிறார்கள். இடையில் ஆசிரியர்களையும் கருவிகளையும் இரவல் வாங்கிக் காட்டிவிடுகிறார்கள். இயற்கை நீதி ஏமாற்றுபவர்களுக்கு உதவுகிறதே?

தங்கள் குறை நியாயமானது. 2024-ல் அண்ணா பல்கலைக்கழகத்தோடு இணைந்த பொறியியல் கல்லூரிகளில், ஒரே ஆசிரியர் ஒரே நேரத்தில் பல கல்லூரிகளின் முழுநேர ஆசிரியராகக் காட்டப்பட்டிருந்தது வெளிவந்து நாடே அதிர்ந்தது. அப்படிப்பட்ட கல்லூரிகளில் பணம் கட்டிப் படித்த பிள்ளைகளை நினைத்தால், பல்கலைக்கழகம் கடுமையாக நடந்துகொள்ள வேண்டும் என்றுதான் நானும் சொல்வேன். ஆனால் கடுமைக்கும் இயற்கை நீதிக்கும் பகையில்லை. அவசரமாகப் பிறப்பித்து, நீதிமன்றத்தில் முதல் நாளே இடைக்காலத் தடை பெறும் ஆணைதான் ஏமாற்றுபவருக்கு உண்மையில் உதவுகிறது.

முன்னறிவிப்பில்லாத ஆய்வை இயற்கை நீதி தடுக்கவில்லை. விளக்கம் கேட்க வேண்டிய கட்டம் முடிவுக்கு முன்தான். ஆய்வுக்கு முன் அன்று. ஆகவே சொல்லாமல் போய்ப் பாருங்கள். பார்த்ததை அங்கேயே எழுதி, படம் எடுத்து, முதல்வரிடம் ஒப்பம் வாங்கி, அன்றே ஒரு நகலைக் கொடுத்துவிடுங்கள். மறுப்பு இருந்தால் அதே தாளில் எழுதச் சொல்லுங்கள். பிறகு இரவல் கருவி வந்தாலும் ஆய்வு நாளின் நிலை பதிவில் நின்றுவிடும்; அறிக்கை தரவில்லை என்ற வாதமும் எழாது. ஆய்வைக் கல்வியாண்டின் நடுவில் வைத்துக்கொண்டால், கலந்தாய்வுக்கு முன் ஒரு மாதம் விசாரணைக்குத் தாராளமாகக் கிடைக்கும். ஆய்வையே கோடையில் தொடங்கிவிட்டு அவசரத்தைக் காரணம் காட்டுவதை நீதிமன்றம் ஏற்பது கடினம்.

உண்மையாகவே அவசரம் இருந்தால், சேர்க்கையை மட்டும் தற்காலிகமாக நிறுத்தி வைத்து, உடனே விளக்கம் கேட்டு, விரைவில் இறுதி முடிவெடுக்கலாம். இடைக்கால ஆணையை மறுதரப்பைக் கேட்காமல் பிறப்பிப்பதும், கேட்ட பிறகு அதை உறுதிசெய்வதோ விலக்குவதோ ஏற்கத்தக்கது என்று 1984-ஆம் ஆண்டின் லிபர்ட்டி ஆயில் மில்ஸ் வழக்கில் கூறப்பட்டிருக்கிறது. கல்லூரியே ஒப்புக்கொண்ட, மறுக்க இடமில்லாத குறை என்றால், விசாரணை நடக்காததாலேயே ஆணை விழுந்துவிடாது. உண்மையில் என்ன பாதிப்பு நேர்ந்தது என்று அண்மைத் தீர்ப்புகள், குறிப்பாக 2020-ஆம் ஆண்டின் சுதிர் குமார் சிங் வழக்கு, கேட்கின்றன. அந்த விதிவிலக்கை நம்பி விசாரணையைத் தவிர்க்க வேண்டாம். மறுக்க இடமில்லை என்று தாங்கள் நினைப்பதை நீதிபதியும் அப்படியே நினைப்பார் என்பதற்கு உறுதி இல்லை.

அறிவிப்பில் குறைகளை மட்டும் எழுதாமல், இடக்குறைப்பா, அபராதமா, இணைவு ரத்தா, எந்த நடவடிக்கை உத்தேசிக்கப்படுகிறது என்பதையும் எழுதுங்கள். ஒப்பந்ததாரரைக் கருப்புப் பட்டியலில் சேர்ப்பது தொடர்பான கோர்க்கா செக்யூரிட்டி வழக்கில் 2014-ல் இது வலியுறுத்தப்பட்டது. இணைவு ரத்துக்கும் அதே நியாயம் பொருந்தும்.

இறுதி ஆணையில், கல்லூரியின் விளக்கத்தில் எது ஏற்கப்பட்டது, எது எதனால் ஏற்கப்படவில்லை என்று ஒவ்வொன்றாக எழுதுங்கள். "விளக்கம் திருப்திகரமாக இல்லை" என்ற ஒற்றை வரியால்தான் எத்தனையோ நல்ல ஆணைகள் கவிழ்கின்றன. ஆணையில் இல்லாத காரணத்தைப் பிறகு நீதிமன்றத்தில் பிரமாணப் பத்திரத்தின் வழியாகச் சேர்க்க முடியாது என்று 1977-ல் மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இன்றும் நடைமுறையில் உள்ள சட்டம். ஆகவே வழக்கறிஞரிடம் பிற்பாடு சொல்ல நினைக்கும் காரணங்களை எல்லாம் ஆணையை எழுதும் அன்றே அதில் எழுதிவிடுங்கள், அது கல்லூரியிடம் ஒப்படைக்கப்பட்ட தேதிக்கான சான்றையும் கோப்பில் சேர்த்து வையுங்கள்.